சூ-மெக் மாநிலப் பூங்கா: ரெட்வுட் போகும் வழியில் பலரும் தாண்டிப் போய்விடும் கடற்கரைக்கு ஒரு முழு வழிகாட்டி

வடக்கு கலிபோர்னியாவில் ரெட்வுட் என்னும் ராட்சத மரங்களைப் பார்க்கக் கிளம்புகிறவர்கள் 101-ம் நெடுஞ்சாலையைப் பிடித்தால் யுரேகா, ஆர்காட்டா, ட்ரினிடாட் என்று ஊர் ஊராகத் தாண்டி, தேசியப் பூங்காவில் போய்த்தான் வண்டியை நிறுத்துவார்கள். ட்ரினிடாட் தாண்டி 8 கிலோமீட்டரில் ஒரு சிறிய விலகுசாலை பிரிகிறது. அதில் திரும்பினால் 640 ஏக்கரில் சூ-மெக் மாநிலப் பூங்கா. பாறை முனைகள், செங்குத்தான கரைக்குக் கீழே நீளமான கூழாங்கல் கடற்கரை, மேலே ஈரம் சொட்டும் ஸ்ப்ரூஸ் காடு, நடுவில் இந்தப் பகுதியின் பூர்வகுடிகளான யுரோக் மக்கள் தங்கள் மரபுப்படி கட்டிய ஒரு கிராமம், எல்லாம் நடந்தே சுற்றிவிடக்கூடிய தூரத்தில்.

அரை மணி நேரம் நின்று படம் எடுத்துவிட்டுப் போகிற இடமாக இதை வைத்துக்கொண்டால் ஒன்றும் கிடைக்காது. ஒரு முழுப் பகல் ஒதுக்குங்கள். முடிந்தால் ஓர் இரவும் தங்குங்கள். அந்தப் பகலை உங்கள் கைக்கடிகாரத்தை வைத்துத் திட்டமிடாமல், கடல் வற்றும் நேரத்தை வைத்துத் திட்டமிடுங்கள். இந்த வழிகாட்டி முழுக்க அதைச் சுற்றித்தான் போகும்.

முதலில் பெயர்க் குழப்பம்

பழைய வரைபடங்களிலும் பயணக் குறிப்புகளிலும் இந்த இடம் 'பேட்ரிக்ஸ் பாயின்ட்' என்றுதான் இருக்கும். 1850-களில் இங்கே நிலம் பிடித்துக் குடியேறிய பேட்ரிக் பீகன் என்பவரின் பெயர் அது. பூர்வகுடிகளைக் கொன்றதாகக் குற்றம் சாட்டப்பட்டவர் அவர். யுரோக் மக்கள் கேட்டுக்கொண்டதன் பேரில், 2021 செப்டம்பரில் மாநிலப் பூங்கா ஆணையம் ஒருமனதாக வாக்களித்து, அந்த இடத்துக்கு அவர்கள் காலம் காலமாக வழங்கிவந்த பெயரையே திருப்பிக் கொடுத்தது. பூங்காவுக்குப் போகும் சாலையின் பெயர் இன்னும் பேட்ரிக்ஸ் பாயின்ட் டிரைவ்தான். தேடும்போது இரண்டு பெயரையும் போட்டுத் தேடுங்கள், இரண்டு வேறு பூங்கா என்று நினைத்துவிட வேண்டாம்.

எப்போது போவது

கலிபோர்னியா, கடற்கரை, ஜூலை என்ற மூன்று சொல்லையும் சேர்த்துக் கேட்டால் வெயிலும் நீச்சலும்தான் மனதில் வரும். இங்கே அப்படி இல்லை. கோடையில் காலை முழுக்க மூடுபனி, சில நாள் மாலை வரைக்கும் விலகாது. சாக்ரமென்டோ நாற்பது டிகிரியில் கொதிக்கும் அதே நாளில் இங்கே 15 டிகிரியில் ஜாக்கெட்டோடு நிற்பீர்கள். கடல் நீரும் ஆண்டு முழுக்கக் கைகால் விறைக்கும் குளிர்ச்சிதான்.

தெளிந்த வானம் வேண்டுமானால் செப்டம்பர், அக்டோபர். என்னைக் கேட்டால் அதுதான் முதல் தேர்வு. பள்ளி திறந்துவிடுவதால் கூட்டமும் குறையும். ஏப்ரல், மே மாதங்களில் காட்டோரம் ரோடோடென்ட்ரான், அசேலியா பூக்கும். சாம்பல் திமிங்கலங்கள் குட்டிகளோடு வடக்கே திரும்பும் காலமும் அதுதான், கரையை ஒட்டியே போவதால் பாறை முனைகளில் இருந்தே அவற்றின் நீராவிப் பீய்ச்சல் தெரியும். டிசம்பர், ஜனவரியில் அவை தெற்கே போகும். ஆனால் அப்போது மழையும் புயலும் பலமாக இருக்கும். கடற்கரையில் ஒளி ஊடுருவும் அகேட் கற்களைப் பொறுக்குகிறவர்கள் மட்டும் குளிர்காலத்தைத்தான் விரும்புவார்கள். ஏன் என்று பின்னால் சொல்கிறேன்.

போய்ச் சேர்வது

சான் பிரான்சிஸ்கோவில் இருந்து சுமார் 480 கிலோமீட்டர். 101-ல் நேராக வடக்கே ஐந்தரையில் இருந்து ஆறு மணி நேரம் ஆகும். வில்லிட்ஸ் தாண்டியதும் சாலை பல இடங்களில் இரண்டே தடமாகக் குறுகி, மலையைச் சுற்றிச் சுற்றிப் போகும். ரிச்சர்ட்சன் க்ரோவில் மரங்கள் சாலையின் தோளை உரசிக்கொண்டு நிற்கும். வாந்தி வரும் குழந்தை இருந்தால் முன்கூட்டியே ஏற்பாடு செய்துகொள்ளுங்கள். குளிர்காலத்தில் மண்சரிவால் சாலை மூடப்படுவதுண்டு, கிளம்பும் அன்று காலையில் மாநிலச் சாலைத் துறையின் தளத்தைப் பார்த்துவிடுங்கள். விமானத்தில் வர வேண்டுமானால் மெக்கின்லிவில்லில் சிறிய விமான நிலையம் ஒன்று உண்டு. அங்கிருந்து காரில் அரை மணிக்கும் குறைவு.

பெட்ரோலையும் மளிகையையும் ஆர்காட்டாவிலேயே முடித்துவிடுவது நல்லது. அங்கே கூட்டுறவுக் கடை ஒன்று இருக்கிறது, தயிர், பருப்பு, காய்கறி என்று சைவக்காரர்களுக்கு வேண்டியது எல்லாம் கிடைக்கும். அதைத் தாண்டினால் ட்ரினிடாட்டில் ஒரு சின்ன மளிகைக் கடை. பூங்காவுக்குள் சாப்பாட்டுக் கடை எதுவும் கிடையாது. கட்டுச்சோறுதான். புளியோதரை கட்டிக்கொண்டு போனால் அது ஆறிப் போனாலும் கவலையில்லை, அந்தக் குளிரில் கெடவும் கெடாது. கைப்பேசி சிக்னல் விட்டுவிட்டுத்தான் வரும் என்பதால் வரைபடத்தை முன்பே இறக்கி வைத்துக்கொள்ளுங்கள்.

பகல் மட்டும் இருப்பதற்கு முன்பதிவு தேவையில்லை. நுழைவுக் கட்டணம் தலைக்கு அல்ல, வண்டிக்கு. ஆக, இரண்டு குடும்பம் ஒரே வண்டியில் போனால் மிச்சம்.

இரவு தங்க நினைப்பவர்களுக்கு

அகேட் பீச், அபலோனி, பென் க்ரீக் என்று மூன்று கூடார முகாம்கள். கடற்கரைக்கு இறங்கும் பாதைக்குப் பக்கத்தில் இருப்பது அகேட் பீச் முகாம். முன்பதிவு 'ரிசர்வ் கலிபோர்னியா' தளத்தில், ஆறு மாதத்துக்கு முன்னால் காலை 8 மணிக்குத் திறக்கும். கோடை வார இறுதி என்றால் தட்கல் டிக்கெட் போடுவதைப் போலத்தான், எட்டடிக்கும்போது விரல் தயாராக இருக்க வேண்டும். கிடைக்கவில்லை என்றால் மனதைத் தளரவிடாமல் வாரநாட்களைப் பாருங்கள். ரத்தாகும் இடங்களும் கடைசி வாரத்தில் வந்துகொண்டே இருக்கும்.

கூடாரத்தின் மேலுறையைக் கோடையிலும் கட்டாயம் போடுங்கள். மழை இல்லாவிட்டாலும் மூடுபனி மரத்தில் படிந்து இரவு முழுக்கச் சொட்டும், காலையில் எழுந்தால் மழை பெய்து ஓய்ந்ததுபோல் எல்லாம் நனைந்திருக்கும். விறகை வீட்டில் இருந்து ஏற்றிக்கொண்டு போகாதீர்கள், அதோடு மரநோய்ப் பூச்சிகளும் பயணம் செய்யும். அந்தப் பக்கத்திலேயே வாங்கிக்கொள்ளலாம்.

இது கருங்கரடி நடமாடும் காடு. ஒவ்வொரு முகாமிடத்திலும் இரும்புப் பெட்டி ஒன்று இருக்கும். மிச்சச் சோறு மட்டுமல்ல, வாசனை வருகிற எல்லாமே அதற்குள் போக வேண்டும்: ஊறுகாய், சாம்பார்ப் பொடி, பற்பசை, தேங்காய் எண்ணெய், குழந்தையின் பால்புட்டி. 'காருக்குள்தானே இருக்கிறது' என்று விட்டுவைப்பதும் தப்பு. நெய்யில் வறுத்த முந்திரி வாசனைக்குக் கதவைப் பிய்க்காத கரடியை நம்பிப் படுக்க முடியாது.

வற்றத்தைப் பார்த்து நாளைப் பிரிப்பது

இந்தக் கரையில் ஒரு நாளில் இரண்டு ஏற்றம், இரண்டு வற்றம். இரண்டு வற்றமும் ஒரே அளவில் இருக்காது, ஒன்றில் கடல் நன்றாக உள்வாங்கும், இன்னொன்றில் பேருக்குத்தான் இறங்கும். அமெரிக்கக் கடல், வளிமண்டல நிர்வாகமான நோவாவின் அட்டவணையில் ட்ரினிடாட் என்று தேடினால் நீங்கள் போகும் தேதிக்கான நேரமும் அளவும் வரும். அளவுக்கு முன்னால் கழித்தல் குறி இருந்தால் அது நல்ல நாள், வழக்கமாக மூழ்கியிருக்கும் பாறைகளும் வெளியே வரும்.

பொதுவாக, கோடையில் இந்த ஆழ்ந்த வற்றம் அதிகாலையிலும், குளிர்காலத்தில் பிற்பகல், மாலை நேரத்திலும் வரும். ஆகவே கோடை என்றால் காலையில், கடல் வற்றும்போது பாறைகளுக்கு நடுவே நீர் தேங்கி நிற்கும் பாறைக்குளங்கள், அப்புறம் கிராமமும் காடும், மூடுபனி விலகியபின் அகேட் கடற்கரை, சூரியன் விழும்போது வெட்டிங் ராக் என்ற பாறை முனை. குளிர்காலம் என்றால் காலையில் காட்டில் தொடங்கி மாலைக்குக் கடலுக்கு வருவது. அவ்வளவுதான் கணக்கு.

பாறைக்குளங்களுக்கு வற்றத்தின் அடிமட்டத்துக்கு ஒரு மணி நேரம் முன்பே போய்விடுங்கள், கடல் திரும்ப ஏறத் தொடங்கியதும் மேலே வந்துவிடுங்கள்.

பாமர்ஸ் பாயின்ட் பாறைக்குளங்கள்

பூங்காவின் தென்கோடி. வண்டி நிறுத்தும் இடத்தில் இருந்து இறங்கும் பாதை குட்டையானது, ஆனால் செங்குத்து. கீழே பாறைகள் பாசியால் எண்ணெய் தடவியதுபோல் இருக்கும். செருப்போடு இறங்க வேண்டாம், பிடிப்புள்ள ஷூ வேண்டும். ஒரே குளத்தின் ஓரத்தில் குத்தவைத்துக் கொஞ்ச நேரம் அசையாமல் இருங்கள். முதலில் வெறும் கல்லும் தண்ணீரும்தான் தெரியும். அப்புறம் அந்தக் கல்லில் ஒன்று நகரும், பார்த்தால் சங்குக்குள் குடியிருக்கும் துறவி நண்டு. பச்சை மலர் என்று நினைத்தது கடல் சாமந்தி என்ற உயிரினம். பாறையின் அடியில் ஊதாவும் ஆரஞ்சுமாக ஒட்டியிருப்பவை நட்சத்திர மீன்கள். 2013-ல் தொடங்கிய ஒரு கொள்ளைநோய் அமெரிக்க மேற்குக் கரையில் நட்சத்திர மீன்களை ஏராளமாக அழித்துவிட்டது, அதனால் ஒன்றைப் பார்த்தாலும் தொட்டுப் பிய்க்காமல் விடுங்கள். கல்லைப் புரட்டினால் இருந்தபடியே திருப்பி வைத்துவிடுங்கள்.

எதிரே கடலில் இருக்கும் பாறைகளில் சாக்குமூட்டைகள் கிடப்பதுபோல் தெரிந்தால் அவை கடல்நாய்கள். இருநோக்கி (பைனாகுலர்) இருந்தால் எடுத்துப் போங்கள். குட்டி தனியாகக் கரையில் கிடந்தால் அது அனாதை அல்ல, தாய் இரை தேடப் போயிருக்கும். பக்கத்தில் போகக் கூடாது.

மட்டி தின்பவர்களுக்கு ஒரு எச்சரிக்கை. இந்தக் கரையில் மே 1 முதல் அக்டோபர் 31 வரை மட்டி எடுத்துச் சாப்பிட மாநிலம் ஆண்டுதோறும் தடை போடுகிறது. அந்த மாதங்களில் அவற்றில் நரம்பை முடக்கும் நஞ்சு சேரலாம், வேகவைத்தாலும் அது போகாது.

சுமேக் கிராமம்

1990-ல் யுரோக் மக்களே பூங்காவோடு சேர்ந்து கட்டிய கிராமம். பிளந்த ரெட்வுட் பலகைகளால் ஆன குடியிருப்பு வீடுகள், தரைக்குள் பாதி புதைந்த வியர்வை இல்லம், நடனக் குழி, முழு மரத்தைக் குடைந்த படகு. வீட்டு வாசல் ஒரு வட்டத் துளை. வளர்ந்த ஆள் தவழ்ந்துதான் போக முடியும். உள்ளே போனால் தரை படியாக இறங்கி, நடுவில் அடுப்புக்கான குழி இருக்கும். கண் இருட்டுக்குப் பழகியதும் பலகை இடுக்கில் வரும் வெளிச்சத்தில் பலகைகளின் அகலம் தெரியும், ஒவ்வொன்றும் ஒரு கதவு அகலம். எல்க் மானின் கொம்பை ஆப்பாக அடித்து மரத்தைப் பிளப்பதுதான் அவர்களின் பழைய முறை.

இது காட்சிப்பொருள் மட்டுமல்ல, யுரோக் மக்கள் இன்றும் சடங்குக்கு வரும் இடம். யாராவது சடங்கில் இருந்தால் கேமராவை உள்ளே வைத்துவிட்டு, கேட்டு, சொன்னபடி நடந்துகொள்ளுங்கள். நம் ஊர்க் கோயில் கருவறையில் வெளியூர்க்காரர் படம் எடுத்தால் நமக்கு எப்படி இருக்கும்? பக்கத்திலேயே உணவுக்கும் மருந்துக்கும் கூடை முடையவும் அவர்கள் பயன்படுத்தும் செடிகளுக்கு ஒரு தோட்டம் உண்டு.

காட்டுக்குள்

இது ரெட்வுட் காடு அல்ல. அதை எதிர்பார்த்து வந்து ஏமாறுகிறவர்கள் உண்டு. ரெட்வுட் உப்புக்காற்றுக்கு ஆகாது, கடலை ஒட்டிய இந்த மேட்டில் உப்பைத் தாங்குகிற சிட்கா ஸ்ப்ரூஸ்தான் ராஜா. கூடவே ஹெம்லாக், ஃபிர், ஆல்டர். தரை முழுக்க இடுப்பளவு பெரணி.

முக்கியப் பாதை ரிம் டிரெயில். பாமர்ஸ் பாயின்ட்டில் இருந்து அகேட் கடற்கரை வரை கரையின் விளிம்பை ஒட்டி சுமார் 3 கிலோமீட்டர். வழியில் ஒவ்வொரு பாறை முனைக்கும் கிளைப்பாதை பிரியும். எல்லாவற்றிலும் இறங்கி ஏறினால் முழங்கால் கெஞ்சும். ஒன்றிரண்டைத் தேர்ந்தெடுப்பதானால் வெட்டிங் ராக்கையும் பேட்ரிக்ஸ் பாயின்ட் முனையையும் வைத்துக்கொள்ளுங்கள். பாதையோரம் மூன்று மூன்று இலையாகப் பளபளக்கும் செடியைக் கண்டால் கை வைக்காதீர்கள், பாய்சன் ஓக்காக இருந்தால் வாரக்கணக்கில் அரிக்கும்.

உள்ளே புல்வெளி நடுவில் செரிமோனியல் ராக் என்று ஒரு பாறை, சுமார் 33 மீட்டர் உயரம். படியேறி மேலே போகலாம். இது ஒரு காலத்தில் கடலுக்குள் தனியாக நின்ற பாறை. நிலம் மெல்ல உயர்ந்து கடல் பின்வாங்க, அது காட்டுக்குள் நின்றுவிட்டது. மேலே நின்று மேற்கே பாருங்கள், அதேபோன்ற பாறைகள் இப்போதும் அலைக்குள் நிற்கும். இந்தப் பூங்கா முழுதும் உட்கார்ந்திருப்பது பழைய கடலடித் தளத்தின் மேல்தான்.

அகேட் முகாமுக்குப் பக்கத்தில் ஆக்டோபஸ் மரப் பாதை. சின்ன வட்டம்தான், குழந்தைகளுக்கு ஏற்றது. விழுந்து மட்கும் மரத்தின் மேல் விதை விழுந்து முளைக்கிறது. வேர்கள் அந்தக் கட்டையைக் கட்டிப்பிடித்துக் கீழே மண்ணைத் தொடுகின்றன. கட்டை மட்கி மறைந்தபின் வேர்கள் மட்டும் பல கால்களாக அந்தரத்தில் நிற்கின்றன. அடியில் குனிந்து பார்த்தால் ஒரு ஆள் படுக்கும் அளவுக்கு வெற்றிடம் இருக்கும், அங்கேதான் அந்தப் பழைய மரம் கிடந்தது. ஈரநாளில் பாதையில் மஞ்சளாக ஒரு சாண் நீளத்தில் ஏதோ கிடந்தால் அது ஓடில்லாத நத்தை. பனானா ஸ்லக் என்பார்கள். அதன் வழவழப்புக்கு நாக்கை மரக்க வைக்கும் தன்மை உண்டு. அதை யார் முதலில் நக்கிப் பார்த்துக் கண்டுபிடித்தார்களோ தெரியாது, நீங்கள் முயல வேண்டாம்.

அகேட் கடற்கரை

பாதை வளைந்து வளைந்து, படிகளோடு இறங்கும். இறங்க எளிது, ஏறும்போதுதான் தெரியும். மூட்டுவலி உள்ள பெரியவர்களை மேலே உள்ள பார்வை மேடையில் உட்கார வைத்துவிடலாம், காட்சியில் பெரிய குறை இல்லை. புயலுக்குப் பின் இந்தப் பாதையைச் சில சமயம் மூடிவிடுவார்கள், நுழைவாயிலில் கேட்டுக்கொண்டு போங்கள்.

கரை வடக்கே பிக் லகூன் வரை நீள்கிறது. மணல் கரடுமுரடு, அலை கூழாங்கற்களை உருட்டித் திரும்பும் சத்தம் விடாமல் கேட்கும். அகேட் என்பது சிலிகா, எரிமலைப் பாறையின் வெற்றிடங்களில் ஊறி உறைந்தது. பாறை தேய்ந்து போனாலும் இது கடினமானது என்பதால் தங்கிவிடுகிறது. குளிர்காலப் பேரலைகள் மணலை இழுத்துக்கொண்டு போய், அடியில் இருக்கும் கூழாங்கல் படுகையைத் திறந்துவிடும். கல் வேட்டைக்காரர்கள் அந்தக் காலத்துக்குக் காத்திருப்பது அதனால்தான்.

தேடும் முறை இது: சூரியன் தாழ்ந்திருக்கும் நேரத்தில், சூரியனை நோக்கி நடங்கள். அலை வந்து போன ஈரக் கூழாங்கல் பட்டையில் கண்ணை வையுங்கள். மற்ற கற்கள் வெளிச்சத்தைத் திருப்பி அடித்துவிட்டு உள்ளே இருண்டிருக்கும், அகேட் மட்டும் உள்ளிருந்து ஒளிர்வதுபோல் தெரியும். பெரும்பாலும் பட்டாணி அளவுதான் கிடைக்கும். தேன் நிறம், பால் நிறம், சில சமயம் செம்மை. எடுத்து வானத்துக்கு எதிரே பிடித்துப் பாருங்கள், ஒளி ஊடுருவ வேண்டும். உள்ளே மெல்லிய வரிகள் ஓடினால் சந்தேகமே இல்லை. அலை தேய்த்த பாட்டில் துண்டும் ஒளிரும். ஆனால் அகேட்டின் மேற்பரப்பில் மெழுகு தடவிய மாதிரி ஒரு மினுமினுப்பு இருக்கும், ரெண்டு தடவை பார்த்தால் பிடிபட்டுவிடும்.

ஒருவர் ஒரு நாளைக்கு 15 பவுண்டு, அதாவது ஏழு கிலோவுக்குச் சற்றுக் குறைவு வரை எடுத்துச்செல்லலாம். சொந்தத்துக்கு மட்டும், விற்க அல்ல. மண்வெட்டி, சல்லடை கூடாது, கைதான்.

குனிந்து தேடுகிறவர்களைத்தான் இந்தக் கடல் பிடிக்கிறது. பத்து அலை ஒரே அளவில் வந்துபோகும், பதினொன்றாவது எதிர்பாராமல் கரையின் பாதிக்கு ஏறிவரும். ஆகவே கடலுக்கு முதுகு காட்டாதீர்கள். இருவர் போனால் ஒருவர் தேட, ஒருவர் அலையைப் பாருங்கள். அலை அடிக்கும் இடத்தில் கிடக்கும் மரக்கட்டைமேல் குழந்தைகளை ஏற்றாதீர்கள், ஒரு அலை வந்தால் அந்தப் பெரிய கட்டை உருளும். கரை சட்டென்று ஆழமாகும், இழுவையும் பலம். குளிக்கிற கடல் அல்ல இது, கால் நனைப்பதும் எட்டி நின்றுதான்.

இன்னொன்று. இந்தக் கரைக்கு அப்பால் கடலடியில் பெரிய நிலப்பிளவு ஓடுகிறது. 2024 டிசம்பர் 5-ம் தேதி கேப் மென்டசினோவுக்கு அப்பால் 7.0 அளவில் நடுக்கம் வந்து, சுனாமி எச்சரிக்கை விடப்பட்டு, பின்னர் திரும்பப் பெறப்பட்டது. கீழே இருக்கும்போது தரை பலமாக ஆடினால், கைப்பேசியில் செய்தி வரட்டும் என்று நிற்காமல் உடனே மேலே ஏறுங்கள். 2004-க்குப் பிறகு நமக்கு இதை விளக்க வேண்டியதில்லை.

மாலை

வெட்டிங் ராக்கில் கல் படிகள் உண்டு. 1930-களில் அரசின் வேலைத்திட்ட இளைஞர்கள் போட்டவை. பூங்காவின் முதல் காப்பாளர் இங்கே திருமணம் செய்துகொண்டதால் இந்தப் பெயர், இப்போதும் சிலர் அதற்காகவே வருகிறார்கள். மூன்று பக்கமும் கடல் என்பதால் காற்று பிய்த்துக்கொண்டு போகும், தொப்பியையும் குழந்தையையும் கெட்டியாகப் பிடித்துக்கொள்ளுங்கள். ஜூன் மாதம் இரவு ஒன்பதை நெருங்கித்தான் சூரியன் மறையும், டிசம்பரில் ஐந்துக்குள் முடிந்துவிடும். திரும்பும் பாதை மரங்களுக்குள் போவதால் வெளிச்சம் வெளியே இருக்கும்போதே உள்ளே இருட்டிவிடும், டார்ச் அவசியம்.

நாயோடு வருகிறவர்கள் மட்டும் யோசித்துக்கொள்ளுங்கள். பாதைகளிலும் கடற்கரையிலும் நாய்க்கு அனுமதி இல்லை, முகாமிலும் வண்டிச் சாலையிலும் கயிற்றோடு மட்டும்தான்.

மறுநாள் ரெட்வுட் பக்கம் போவதானால் வடக்கே அரை மணி நேரத்தில் ஓரிக் ஊர் வரும், ப்ரேரி க்ரீக் காடு அதைத் தாண்டி. அங்கே பெரணிச் சுவர்களுக்குப் பெயர்போன ஃபெர்ன் கேன்யனும் திட்டத்தில் இருந்தால், மே 15 முதல் செப்டம்பர் 15 வரை காருக்கு முன்அனுமதி வேண்டும். கிளம்பும் முன்பே ஆன்லைனில் எடுத்துவிடுங்கள், பாதி வழியில் சிக்னல் தேடிக்கொண்டு நிற்க வேண்டியிருக்காது.